ஷாங்ரி-லா: காலம் நின்றுபோன ஊர்

பரீட்சைக்கு முந்தின நாள் ராத்திரி. இன்னும் மூன்று பாடம் பாக்கி. மணி ஒன்று. "இந்தக் கடிகாரம் இப்படியே நின்னுடக் கூடாதா?" என்று ஏங்காத மாணவர் யாராவது உண்டா?

அப்படி ஓர் ஊரையே கற்பனையில் கட்டியவர் ஜேம்ஸ் ஹில்டன் என்ற ஆங்கிலேயர். 1933-ல் வெளிவந்த 'லாஸ்ட் ஹொரைசன்' என்ற அவருடைய நாவலில் வரும் ஷாங்ரி-லாதான் அந்த ஊர். இந்தப் பெயரைப் பலருக்கும் நட்சத்திர ஓட்டலின் பெயராகத்தான் தெரியும். ஆனால் ஓட்டலுக்கு முன்னாலேயே வந்தது கதை.

1931-ல் பாஸ்குல் என்ற ஊரில் கலவரம். அங்கிருந்து தப்பிக்கும் நாலு பேர் ஒரு விமானத்தில் ஏறுகிறார்கள். பிரிட்டிஷ் தூதரக அதிகாரி கான்வே, அவருக்குக் கீழே வேலை பார்க்கும் இளைஞன் மல்லின்சன், கிறிஸ்தவ மிஷனரிப் பெண்மணி ஒருவர், ஓர் அமெரிக்கர். பெஷாவர் போகவேண்டிய விமானம் திபெத் பக்கம் பறக்கிறது. ஓட்டுவது வேறு ஆள்! ஆளில்லாத பனி மலைகளுக்கு நடுவே இறங்கியதும் அந்த விமானியும் செத்துப்போகிறான். அப்போது ஒரு மடத்து ஆட்கள் வந்து நால்வரையும் அழைத்துப் போகிறார்கள்.

சுற்றிலும் பனி, கீழே பசுமையான பள்ளத்தாக்கு. மடத்தில் பெரிய நூலகம், பியானோ, நவீனக் குளியலறை! அங்கே ஒரே சட்டம்தான்: எதிலும் மிதமாக இரு, நல்லதில்கூட. மடத்தின் தலைவர் பெரால்ட் லக்சம்பர்க்கில் பிறந்த பாதிரியார். 1734-ல், தன் 53-வது வயதில் அங்கே வந்தவர். கணக்குப் போட்டுப் பாருங்கள்... 250 வயது!

உண்மையில் அங்கே காலம் முழுசாக நிற்பதில்லை, ரொம்ப மெதுவாக நடக்கிறது. அங்கேயும் சாவு உண்டு. பெரால்டே கதையில் இறந்துபோகிறார்.

சரி, எதற்காக இப்படி ஒரு ஊர்? வெறும் இளமைக்காகவா? இல்லை. கான்வே முதல் உலகப்போரில் சண்டை போட்டு மனசு வறண்டுபோன மனிதர். இன்னொரு பெரிய அழிவு வரப்போகிறது, அன்றைக்கு நல்ல புத்தகமும் இசையும் எங்காவது ஓரிடத்தில் பத்திரமாக இருக்கவேண்டும் என்பது பெரால்டின் கவலை. நாவல் வந்த அதே 1933-ல்தான் ஹிட்லர் ஆட்சிக்கு வந்தார். ஆறே வருஷத்தில் அந்த அழிவும் வந்தது.

(முடிவு தெரியவேண்டாம் என்பவர்கள் அடுத்த பத்தியைத் தாண்டிப் போகலாம்!)

அங்கே லோ-சென் என்று ஒரு மஞ்சூ பெண். பார்வைக்குச் சின்னப் பெண்தான். ஆனால் அவள் வந்தது 1884-ல்! மல்லின்சன் அவளைக் காதலிக்கிறான். ஊரைவிட்டு வெளியேறினால் நின்றுபோன வயசெல்லாம் திரும்பி வந்துவிடும் என்று சொன்னால் நம்ப மறுக்கிறான். கடைசியில் மூன்று பேரும் கிளம்புகிறார்கள். பிறகு கான்வேயை நினைவு தப்பிய நிலையில் சீனாவில் ஓர் ஆஸ்பத்திரியில் கொண்டுவந்து சேர்த்தது ஒரு பெண். எவ்வளவு வயசு இருக்கும் என்று கேட்டால், இவ்வளவு கிழவியைப் பார்த்ததே இல்லை என்கிறார் டாக்டர்.

கதைக்கு வெளியே நடந்ததுதான் இன்னும் வேடிக்கை. 1942 ஏப்ரலில் அமெரிக்க விமானங்கள் டோக்கியோவில் குண்டு போட்டன. எங்கிருந்து கிளம்பின என்று கேட்ட நிருபர்களிடம் அதிபர் ரூஸ்வெல்ட் "ஷாங்ரி-லாவிலிருந்து" என்று சொல்லிச் சிரித்தார். 1944-ல் ஒரு விமானம்தாங்கிப் போர்க்கப்பலுக்கே அந்தப் பெயரை வைத்துவிட்டார்கள். போரிலிருந்து ஒளிந்துகொள்ளப் பிறந்த பெயர் போர்க்கப்பலின் நெற்றியில்!

ரூஸ்வெல்ட் தன் ஓய்வு மாளிகைக்கும் அந்தப் பெயரைத்தான் வைத்திருந்தார். பின்னால் வந்த ஐசனோவர் அதைத் தன் பேரன் பெயரில் கேம்ப் டேவிட் என்று மாற்றினார். 1978-ல் எகிப்தும் இஸ்ரேலும் சமாதானம் பேசியது அங்கேதான். ஹில்டன் இருந்திருந்தால் இதற்காவது கொஞ்சம் சந்தோஷப்பட்டிருப்பார்.

2001-ல் சீனா, யுன்னான் மாநிலத்தில் உள்ள சோங்தியன் என்ற ஊருக்கு ஷாங்ரி-லா என்று பெயர் மாற்றியது. சுற்றுலாப் பயணிகள் குவிந்தார்கள். 2014 ஜனவரியில் ஒரு நாள் அதிகாலை, அங்கிருந்த துகெசோங் என்ற பழைய நகரப் பகுதியில் தீ. எல்லாம் மரவீடுகள். குறுகலான சந்துகளில் தீயணைப்பு வண்டி நுழைய முடியவில்லை. 200-க்கும் மேற்பட்ட வீடுகள் சாம்பல். பிறகு திரும்பக் கட்டினார்கள். பெயரை மாற்றலாம், காலத்தை நிறுத்த முடியுமா?

மல்லின்சனை முட்டாள் என்று நினைக்கத் தோன்றும். ஆனால் அவன் பக்கமும் நியாயம் இருக்கிறது. வயசாகாத வாழ்க்கையில் அவனுக்குத் தெரிந்தது நீண்டுகொண்டே போகும் வெறுமை மட்டும்தான். ராத்திரி ஒரு மணிக்குக் கடிகாரம் நின்றுவிட்டால் பரீட்சை வராதுதான். பரீட்சை முடிந்து வெளியே வரும்போது முகத்தில் அடிக்குமே ஒரு வெயில்... அதுவும் வராது.

இதைப் படித்ததில் பத்து நிமிஷம் போயிருக்கும். போய் மிச்சப் பாடத்தைப் படியுங்கள்!