கூத்துக்காரரின் கிரீடம்

வட ஆர்க்காடு, தென்னார்க்காடு பிரதேசங்களில் திரௌபதி அம்மன் உற்சவங்களை ஒட்டி விடிய விடிய நடைபெறும் தெருக்கூத்தில், பாட்டுக்கும் ஆட்டத்துக்கும் அளிக்கும் கௌரவத்தை நாம் வேஷம் கட்டும் கலைக்கு அளித்ததில்லை என்பது என் நெடுநாளைய மனக்குறை.

கல்யாண முருங்கை மரத்தைச் செதுக்கி, வர்ணக் காகிதமும் கண்ணாடிச் சில்லுகளும் ஒட்டி அலங்கரித்த கிரீடத்தையும் புஜகீர்த்தியையும் மார்புப் பதக்கத்தையும் கயிற்றால் இறுகப் பிணைத்து, இடுப்பைச் சுற்றித் துணிகளை அடுக்கடுக்காகச் செருகிப் பாவாடையை விரியச் செய்து, சலங்கையும் கட்டி முடித்ததும், பகலெல்லாம் கழனியில் உழைத்த மனிதர் துரியோதன மகாராஜாவாகவே எழுந்து நிற்கிறார். இரவு முழுதும் சுழன்று ஆடவேண்டியவருக்குக் கனமில்லாத மரத்தைத் தேர்ந்தெடுத்த முன்னோரின் யுக்தியை என்னென்பது!

இருவர் பிடித்த திரைக்குமேல் கிரீடம் மட்டும் தெரிய அவர் பாடத் தொடங்கி, கூத்தின் கோமாளியான கட்டியங்காரன் வந்திருப்பது யாரென்று பரிகாசமாக வினவி, மத்தளமும் முகவீணையும் உச்சத்தை எட்டும் வேளையில், பாய் விரித்துப் படுத்திருந்த குழந்தைகள்கூட எழுந்து உட்கார்ந்துவிடுகின்றன. ஊரே ஒரு குடும்பமாகச் சிரித்து ஆரவாரிக்கிறது.

கண்ணப்பத் தம்பிரான் போன்ற கூத்துப் பெரியோரால் கீர்த்தி பெற்ற புரிசை கிராமத்துக்கோ, பாரதக் கூத்து நடக்கும் வேறெந்த ஊருக்கோ செல்லும் நண்பர்கள், ஆட்டம் தொடங்குமுன்பே சென்று, அனுமதி பெற்று, ஒப்பனைக் கொட்டகையையும் ஒருமுறை பார்த்துவிட்டு வாருங்கள்.