குதிரை மட்டும் திரும்பியது!

அமெரிக்காவின் மோன்டானா மாநிலத்தில் பில்லிங்ஸ் நகரிலிருந்து நெடுஞ்சாலையில் தென்கிழக்காக ஒரு மணி நேரம் கார் ஓட்டினால் மரமே இல்லாத மேடுகள் வரும். கண்ணுக்கு எட்டிய தூரம் புல், புல், புல்தான். கீழே லிட்டில் பிக்ஹார்ன் ஆறு வளைந்து வளைந்து ஓடுகிறது. கரையில் மட்டும் மரங்கள்.

அந்த மேட்டுப் புல்லுக்கு நடுவே ஆங்காங்கே வெள்ளைப் பளிங்குக் கற்கள் நட்டிருக்கிறார்கள். ஓரிடத்தில் ஒன்று, சற்றுத் தள்ளி இரண்டு, ஒரு சரிவில் கூட்டமாகப் பல. வழக்கமான கல்லறைத் தோட்டம்போல அவை வரிசையில் இல்லை. 1876 ஜூன் 25 அன்று எந்த வீரர் எங்கே விழுந்தாரோ, அந்த இடத்தைக் காட்டும் கற்கள் அவை.

கிழக்குச் சரிவில் உள்ள ஒரு கல்லில் மைல்ஸ் கியோ என்ற பெயர் இருக்கிறது. அவர் அயர்லாந்தில் பிறந்தவர்.

பாரோ நதிக்கரைப் பையன்

அயர்லாந்தின் கார்லோ மாவட்டத்தில், பாரோ நதிக்கரையில் உள்ள சிற்றூர் லாக்லின்பிரிட்ஜ். 1840 மார்ச் 25 அன்று கியோ அங்கே பிறந்தார். அவருக்கு ஐந்து வயதானபோது அயர்லாந்தின் உருளைக்கிழங்குப் பயிரில் நோய் விழுந்தது. அடுத்து வந்த பெரும் பஞ்சத்தில் சுமார் 10 லட்சம் பேர் மடிந்தார்கள். இன்னும் பல லட்சம் பேர் கப்பல் ஏறினார்கள். நாட்டை விட்டுப் போவது என்பது அந்தத் தலைமுறைக்குச் சாதாரண விஷயம் ஆகிவிட்டது.

கியோவும் போனார், ஆனால் பிழைப்பு தேடி அல்ல, போர் தேடி! 1860-ல் போப்பாண்டவரின் ஆட்சிப் பகுதிகளைக் காக்க ஐரிஷ் இளைஞர்கள் படையாகத் திரண்டு இத்தாலிக்குச் சென்றபோது, 20 வயது கியோவும் அதில் ஒருவர். அன்கோனா துறைமுகக் கோட்டையில் போரிட்டுத் தோற்று, கைதியாகி, பிறகு விடுதலையானார். அந்தச் சேவைக்காகப் போப்பாண்டவரின் பதக்கம் அவருக்குக் கிடைத்தது.

1862-ல் அவர் நியூயார்க்கில் வந்து இறங்கினார். உள்நாட்டுப் போர் உச்சத்தில் இருந்த நேரம். அனுபவமுள்ள அதிகாரிகள் வடக்கு மாநிலப் படைக்கு அவசரமாகத் தேவைப்பட்டார்கள். 22 வயதில் அவர் கேப்டன் ஆகிவிட்டார்.

கெட்டிஸ்பர்க் காலை

ஜெனரல் ஜான் புஃபோர்டின் உதவி அதிகாரியாக அவர் பணியாற்றிய காலம்தான் அவரது ராணுவ வாழ்வின் பொற்காலம். 1863 ஜூலை 1 அன்று காலை, கெட்டிஸ்பர்க் ஊருக்கு மேற்கே, தங்களைவிடப் பல மடங்கு பெரிய தெற்குப் படையைப் புஃபோர்டின் குதிரைப்படை தடுத்து நிறுத்தியது. காலாட்படை வந்து சேரும்வரை அவர்கள் தாக்குப்பிடித்ததால்தான் நல்ல மேட்டு நிலங்கள் வடக்குப் படையின் கையில் நின்றன. அந்தக் களத்தில் கியோவும் இருந்தார்.

அதே ஆண்டு டிசம்பரில் புஃபோர்டு நோயில் விழுந்து வாஷிங்டனில் இறந்தார். கியோவின் கைகளில்தான் அவர் உயிர் பிரிந்தது என்று சொல்வார்கள். அடுத்த ஆண்டு ஜார்ஜியாவில் கியோ மறுபடியும் எதிரியிடம் கைதியாகி, மறுபடியும் விடுதலையானார்.

போர் முடிந்தது. அதன்பிறகு 26 வயது வீரருக்கு என்ன வேலை? 1866-ல் புதிதாக உருவான ஏழாவது குதிரைப்படையில் ‘ஐ’ கம்பெனியின் கேப்டன் ஆனார். படைக்குக் களத்தில் தலைமை தாங்கியவர் ஜார்ஜ் கஸ்டர். இந்தப் படையின் அடையாளப் பாட்டு ‘கேரி ஓவன்’ என்ற ஐரிஷ் மெட்டு. லிட்டில் பிக்ஹார்ன் களத்துக்குப் பக்கத்தில் இன்றும் அதே பெயரில் ஒரு சிற்றூர் இருக்கிறது.

யாருடைய நிலம்?

இங்கேதான் கதை கசக்கத் தொடங்குகிறது. 1868-ல் அமெரிக்க அரசு லகோட்டா மக்களோடு ஓர் ஒப்பந்தம் போட்டது. கருங்குன்றுகள் என்று அழைக்கப்படும் அவர்களது புனித மலைப் பகுதி அவர்களுக்கே என்று எழுதிக் கொடுத்தது. 1874-ல் கஸ்டர் தலைமையில் அங்கே போன படை, தங்கம் இருப்பதாகச் செய்தி அனுப்பியது. அவ்வளவுதான், தங்கம் தேடிக் கூட்டம் கூட்டமாக ஆட்கள் நுழைந்தார்கள்.

அந்தக் கோடையில் கியோ விடுப்பில் அயர்லாந்தில் இருந்தார். தனக்கு வந்த குடும்பச் சொத்தைச் சகோதரி மார்கரெட்டுக்கு எழுதிக் கொடுத்துவிட்டுத் திரும்பினார். பிறந்த மண்ணில் இருந்த தன் நிலத்தைக் கைவிட்டு வந்தவர், அடுத்து இன்னொரு மக்களின் நிலத்துக்கான போரில் நின்றார்.

1876 ஜனவரி 31-க்குள் எல்லா லகோட்டா மக்களும் அரசு ஒதுக்கிய இடங்களுக்கு வந்துவிட வேண்டும் என்று கெடு விதித்தார்கள். கடும் குளிர்காலத்தில் குழந்தைகளோடும் முதியவர்களோடும் எங்கே நடப்பது? வராதவர்கள் எதிரிகள் என்று முடிவாயிற்று. மே 17 அன்று ஏழாவது குதிரைப்படை புறப்பட்டது.

ஆற்றங்கரையில் சிட்டிங் புல், கிரேஸி ஹார்ஸ் போன்ற தலைவர்களோடு லகோட்டா, ஷையான் மக்கள் ஆயிரக்கணக்கில் கூடியிருந்தார்கள். கஸ்டர் படையைப் பிரித்துக்கொண்டு தாக்கினார். மாலைக்குள் அவரோடு சென்ற ஐந்து கம்பெனிகளும், சுமார் 210 பேர், அழிந்துபோயினர். கியோ தன் ‘ஐ’ கம்பெனி வீரர்களுக்கு நடுவே விழுந்து கிடந்தார். மற்ற பல உடல்களைப்போல அவர் உடல் சிதைக்கப்படவில்லை. கழுத்தில் இருந்த மதச் சின்னம் அப்படியே இருந்தது என்கிறார்கள்.

கொமான்சி

இரண்டு நாள் கழித்து வந்த படையினர், உடலெல்லாம் காயத்தோடு உயிருடன் நின்ற ஒரு குதிரையைக் கண்டார்கள். அது கியோவின் குதிரை, கொமான்சி. ‘ஃபார் வெஸ்ட்’ என்ற நீராவிப் படகில் காயம்பட்ட வீரர்களோடு அதையும் ஏற்றினார்கள். சுமார் 1,140 கிலோமீட்டரை 54 மணி நேரத்தில் கடந்தது அந்தப் படகு.

1878-ல் படைத் தலைவர் கர்னல் சாமுவேல் ஸ்டர்ஜிஸ் ஓர் உத்தரவு போட்டார்: கொமான்சி மீது இனி யாரும் ஏறக்கூடாது, அதற்கு எந்த வேலையும் தரக்கூடாது. வெறும் சடங்கு உத்தரவு அல்ல அது. அவருடைய மகன் ஜேம்ஸும் அதே போரில்தான் இறந்தான். அவன் உடல் அடையாளம் காணப்படவே இல்லை. மகன் திரும்பாத அப்பா, திரும்பி வந்த குதிரைக்கு ஓய்வு கொடுத்தார்.

1891 நவம்பரில் கான்சாஸில் கொமான்சி இறந்தது. பாடம் செய்யப்பட்ட அதன் உடல் 1893 சிகாகோ உலகக் கண்காட்சிக்குப் போய்வந்தது. இன்று லாரன்ஸ் நகரில், கான்சாஸ் பல்கலைக்கழக அருங்காட்சியகத்தில் கண்ணாடிக்குள் நிற்கிறது. முன்பு அங்கே ‘போரில் தப்பிய ஒரே உயிர்’ என்ற பொருளில் எழுதியிருந்தார்கள். 1970-களின் தொடக்கத்தில் பழங்குடி மாணவர்கள் கேட்டார்கள்: “எங்கள் முன்னோர் ஆயிரக்கணக்கில் உயிரோடு திரும்பினார்களே, அவர்கள் கணக்கில் இல்லையா?” விளக்கப் பலகை மாறியது.

போர்க்களமும் மாறியது

கஸ்டர் பெயரில் இருந்த நினைவிடம் 1991-ல் இயற்றப்பட்ட சட்டத்தால் லிட்டில் பிக்ஹார்ன் போர்க்கள நினைவிடம் ஆனது. 1999 முதல், மண்ணைக் காக்க விழுந்த லகோட்டா, ஷையான் வீரர்களுக்குச் சிவப்புக் கருங்கற்கள் நடப்படுகின்றன. 2003-ல் பழங்குடி மக்களுக்கான நினைவுச் சின்னமும் திறக்கப்பட்டது.

போகிறவர்கள் தண்ணீர் பாட்டிலும் தொப்பியும் எடுத்துக்கொள்வது நல்லது; கோடையில் நிழலே கிடையாது. பாதையை விட்டு இறங்க வேண்டாம், புல்லுக்குள் விரியன் வகைப் பாம்புகள் உண்டு. உச்சி மேட்டைப் பார்த்ததும் பலர் திரும்பிவிடுகிறார்கள். இன்னும் சற்று நடந்து கிழக்குச் சரிவுக்கும் போய் வாருங்கள்.

ஆனால் அந்தக் கல்லுக்கடியில் கியோ இல்லை. தான் இறந்தால் நண்பரின் மனைவி குடும்பம் வாழ்ந்த நியூயார்க் மாநில ஆபர்ன் நகரில் புதைக்க வேண்டும் என்பது அவர் விருப்பம். 1877 அக்டோபரில் அப்படியே செய்தார்கள். பிறந்தது ஓரிடம், விழுந்தது ஓரிடம், உறங்குவது ஓரிடம். அவர் குதிரையோ இன்னும் நின்றுகொண்டிருக்கிறது, நான்காவது ஓர் ஊரில்.