கோல்ட்ரேன் கையில் மாறிய மெட்டு

‘மை ஃபேவரிட் திங்ஸ்’ பாடல் 1959இல் ‘தி சவுண்ட் ஆஃப் மியூசிக்’ பிராட்வே இசை நாடகத்துக்காக உருவானது.
இசை ரிச்சர்ட் ராஜர்ஸ், வரிகள் ஆஸ்கர் ஹாமர்ஸ்டைன்.

மேடையில் நாடகத்தின் நாயகி மரியாவும் கன்னியர் மடத் தலைவியும் சேர்ந்து பாடுவார்கள். 1965இல் வந்த அதன் திரைப்பட வடிவத்தில்தான் அது இடி இடிக்கும் இரவில் குழந்தைகளின் பயம் போக்கும் பாட்டானது.

அதற்கு முன்பே, 1960இல், ஜாஸ் கலைஞர் ஜான் கோல்ட்ரேன் அதை சொப்ரானோ சாக்ஸபோனில் வாசித்துப் பதிவுசெய்துவிட்டார். மெக்காய் டைனரின் பியானோ ஒரே சுழலில் நிற்க, சின்ன மெட்டு ஏறத்தாழ 14 நிமிடம் விரிந்துகொண்டே போகிறது. வேறு எந்த மறுவடிவமும் இதன் பக்கத்தில்கூட வர முடியாது.

வரிகளில் பனி வருவதால் கிறிஸ்துமஸ் இசைத்தட்டுகளிலும் பாட்டு இடம்பிடித்தது.

2019இல் அரியானா கிராண்டேயின் ‘செவன் ரிங்ஸ்’ இதே மெட்டை எடுத்தாண்டது. எளிய பொருள்களில் ஆறுதல் தேடிய மெட்டு, அங்கே ஆசைப்பட்டதையெல்லாம் வாங்கிக் குவிக்கும் பெருமையைப் பாடுகிறது.