கடல் தாண்டி வந்த குரல் - பி.எச்.அப்துல் ஹமீத்

மாரியூர், சாயல்குடி பக்கம் ஐம்பது வயதைத் தாண்டிய யாரிடமாவது "சிலோன் ரேடியோ" என்று சொல்லிப் பாருங்கள். மயில்வாகனன், கே.எஸ்.ராஜா, அப்துல் ஹமீத் என்று பெயர்கள் வரிசையாக வந்து விழும். இவர்களில் டிவி காலத்திலும் தமிழ்நாட்டு வீடுகளுக்குள் வந்து உட்கார்ந்தவர் ஹமீத்.

கொழும்பு தெமட்டகொடையைச் சேர்ந்தவர். சிறு பையனாக வானொலியின் சிறுவர் நிகழ்ச்சிக்குப் போனவர், 1960களில் அறிவிப்பாளராகவே ஆகிவிட்டார். அப்போது கொழும்பு நிலையத்துக்கு இங்கே இருந்த மவுசுக்குக் காரணம் டெல்லிதான்! 1952-ல் அமைச்சர் கேஸ்கர் ஆல் இந்தியா ரேடியோவில் சினிமாப் பாட்டுக்குக் கடிவாளம் போட்டார். விளம்பரத்துக்கோ 1967 வரை அங்கே இடமே இல்லை. கொழும்பில் 1950-லேயே வர்த்தக ஒலிபரப்பு தொடங்கியிருந்தது. பாட்டு கேட்க நம் மக்கள் அங்கே போனார்கள், பின்னாலேயே நம் கம்பெனிகளின் விளம்பரப் பணமும் போனது. (பி.காம். நண்பர்களே, போட்டியாளர் விட்டுக்கொடுத்த சந்தைக்கு இதைவிட நல்ல உதாரணம் கிடைக்காது.)

தனுஷ்கோடிக்கும் தலைமன்னாருக்கும் நடுவே சுமார் 30 கிலோமீட்டர் கடல்தான். அதனால் இந்தக் கரையில் கொழும்பு துல்லியமாகக் கேட்டது. 1982-ல் ரூபவாஹினி வந்தபோது உயரமான ஆன்டெனா கட்டிப் படமும் பார்த்தார்கள்.

ஹமீதை டிவிக்குக் கொண்டுவந்தது வானொலியில் அவர் நடத்திய பாட்டுக்குப் பாட்டு. ஒருவர் பாடிக்கொண்டிருக்கும்போது மணி அடிக்கும். நின்ற சொல்லிலிருந்து ஒரு எழுத்தை எடுத்துக் கொடுப்பார், அதில் அடுத்தவர் பாட்டைத் தொடங்க வேண்டும். குறிலா நெடிலா என்பதில் சலுகை கிடையாது. 1990களில் இதே ஆட்டம் சன் டிவியில் "லலிதாவின் பாட்டுக்குப் பாட்டு" ஆனது. விளம்பரதாரர் பெயர் தலைப்பிலேயே ஏறியதைத் தவிர பெரிய மாற்றம் இல்லை. டிவிக்காக அவர் குதிக்கவுமில்லை, ஆங்கிலம் கலக்கவுமில்லை. தோற்றவரையும் மரியாதையாகத்தான் அனுப்பிவைப்பார். கண்ணை மூடிக்கொண்டு கேட்டாலும் நிகழ்ச்சியில் ஒன்றும் குறையாது. டிவிக்குள் வானொலி நடத்திய மனிதர் என்றே சொல்லலாம். "தெனாலி" (2000) படத்தில் கமலஹாசனுடன் ஒரு காட்சியில் வந்தபோதும் அறிவிப்பாளர் ஹமீதாகவேதான் வந்தார்.

அந்தத் தமிழை அவர் பேசிய ஊரில் காலம் அப்படி அமைதியாக இருக்கவில்லை. காற்றைவிட வேகமாகப் பேசிய கே.எஸ்.ராஜா கொழும்பில் கொல்லப்பட்டார். 1983 ஜூலைக் கலவரத்தின்போது ஹமீதும் இறந்துவிட்டதாக வதந்தி பரவியது. இக்கரையில் இருந்தவர்களுக்கு விசாரிக்க வழி ஏது? அந்தக் குரல் மறுபடி ரேடியோவில் வருகிறதா என்று காத்திருப்பது ஒன்றுதான்.

2024-ல் அதே வதந்தி மறுபடி கிளம்பியது, இந்த முறை வாட்ஸ்அப்பில். இரங்கல் செய்திகள்கூட வந்துவிட்டன. அவரே ஒரு வீடியோவில் வந்து, அதே நிதானமான உச்சரிப்பில், உயிரோடுதான் இருக்கிறேன் என்று அறிவித்தார்.