பெட்டிக்குள் நெருப்பு

அடுப்பெரிகிறதா என்று குனிந்து பார்த்தே பழகியவர்கள் நாங்கள். லண்டனில் தங்கை வீட்டில் ஒரு குளிர்காலம் தங்கியபோது, நெருப்பு சமையலறைச் சுவரில் ஒரு வெள்ளைப் பெட்டிக்குள் இருந்தது. பாய்லர். எரிவாயுவால் அது சூடாக்கும் நீர், அறைதோறும் உள்ள ரேடியேட்டர்களுக்குச் சென்று ஆறித் திரும்பும்.

தங்கை குடும்பத்தோடு வெளியூர் சென்றிருந்த இரவில் அது நின்றுபோனது. தொலைபேசியில் அவள் சொல்லச் சொல்லச் செய்தோம். அழுத்தமானியின் முள் 0.5 பாருக்கும் கீழே கிடந்தது. குளிர்ந்த நிலையில் 1 முதல் 1.5 வரை நிற்க வேண்டுமாம். அடியிலிருந்த திருகை மெல்லத் திறந்தோம். குழாய்நீர் உட்புக, முள் ஏறியது. திருகை மூடி, ரீசெட் பொத்தானை அழுத்தியதும் உள்ளே மெல்லிய உறுமல். அகமகிழ்ந்தோம்.

"அண்ணா, பக்கத்து அலமாரியில் ஒரு சின்னக் கருவி இருக்குமே, பச்சை விளக்கு எரிகிறதா?" என்றாள்.

எரியவில்லை. முந்தைய இரவு அது விட்டுவிட்டுக் கீச்சிட்டதால் பேட்டரியைக் கழற்றி வைத்திருந்தோம்.

எரிவாயு கசிந்தால் மூக்கு அறியும். அதற்கென்றே நாற்றம் சேர்க்கிறார்கள். சரிவர எரியாத நெருப்பு உமிழும் கார்பன் மோனாக்சைடுக்கோ நிறமுமில்லை, மணமுமில்லை. உறங்குபவர் உறக்கத்திலேயே போய்விடக்கூடும். அக்கருவி கீச்சிட்டது, பேட்டரி தீர்கிறது என்று சொல்லத்தான்.

அரும்பாடுபட்டு உயிர்ப்பித்த பாய்லரை உடனே அணைத்தோம். விடிந்து கடை திறந்து புதிய பேட்டரி வாங்கும்வரை போர்வைக்குள் நடுங்கிக் கிடந்தோம். எங்களுக்காக விழித்திருந்த ஒன்றை, உறக்கம் கெடுகிறதென்று நாங்களே வாயடைத்திருந்தோம்.