ஐந்து கோல் வாங்கிய பெண்

தரமணிவாசிகளுக்கு வெளிநாடு என்பது தூர தேசம் அல்ல. அடுத்த தெரு மாதிரிதான். 2000-ஆம் ஆண்டில் டைடல் பார்க் எழுந்ததிலிருந்து இந்தப் பக்கத்தின் ஜாதகமே மாறிவிட்டது. எங்கள் குடியிருப்பில் பன்னிரண்டு வீடுகள். அதில் ஏழு வீட்டுப் பிள்ளைகள் கடல் கடந்து இருக்கிறார்கள். மாடியில் இருக்கும் மாமி மாதம் தவறாமல் புளிக்காய்ச்சலும் பருப்புப் பொடியும் கட்டி அமெரிக்காவுக்கு அனுப்புகிறார். எதிர் வீட்டுக்காரரோ ஜெர்மனியில் இப்போது மணி என்ன என்பதைக் கடிகாரம் பாராமலே சொல்லுவார்.

பெண்ணை வெளிநாட்டுக்கு அனுப்பவும் இப்போது யாரும் தயங்குவதில்லை. மேல் படிப்புக்கு அனுப்புகிறோம், உத்தியோகத்துக்கு அனுப்புகிறோம். ஆனால் ஒன்று கவனித்தீர்களா? நாம் அனுப்புவதெல்லாம் தலையை நம்பித்தான். காலை நம்பி, அதாவது பந்து உதைக்கிற காலை நம்பி, பெண்ணை விமானம் ஏற்றிய வீடுகள் எத்தனை இருக்கும்?

இந்த யோசனையை எனக்குள் கிளப்பிவிட்டவர் கீழ் வீட்டு அக்கா. அவருடைய பெண் ஒன்பதாம் வகுப்பு. பள்ளிக்கூடக் கால்பந்து அணியில் கோல் கீப்பர். அவள் கையில் ஒரு நாள் பாரம் ஒன்றைக் கொடுத்து அனுப்பியிருந்தார்கள். விளையாட்டு விடுதிக்கான தேர்வில் கலந்துகொள்ள, பெற்றோர் கையெழுத்துப் போட்டுத் தர வேண்டுமாம்.

"ஏம்மா, நீங்க பத்திரிகையில இருக்கீங்க. நாலு விஷயம் தெரிஞ்சவங்க. அவங்க அப்பா கையெழுத்துப் போட மாட்டேங்கறாரு. எனக்கும் கை வரலே. நீங்களே சொல்லுங்க, பந்து ஆடினா சோறு போடுமா?" என்று கேட்டார்.

ஒரே வார்த்தையில் பதில் சொல்லக்கூடிய கேள்வியா அது? இரண்டு நாள் தவணை கேட்டுக்கொண்டேன். பிறகு அவருக்குச் சொன்ன கதைகளைத்தான் உங்களுக்கும் சொல்லப் போகிறேன்.

முதலாவது, நம் சென்னையில் பிறந்த ஒரு பெண்ணின் கதை. பெயர் அதிதி சௌஹான். 1992 நவம்பரில் இங்கே பிறந்தார். சிறு வயதிலேயே குடும்பம் டில்லிக்குக் குடிபெயர்ந்துவிட்டது. பள்ளிக்கூடத்தில் அவர் ஆடியது கூடைப்பந்து, கற்றது கராத்தே. பந்தைக் கையால் பிடிக்கத் தெரிந்த பெண், கீழே விழப் பயப்படாத பெண். கோல் கீப்பருக்கு வேறென்ன வேண்டும்? கால்பந்துத் தேர்வுக்குப் போனார். கோல் கம்பங்களுக்கு நடுவே நிறுத்திவிட்டார்கள்.

கோல் கீப்பர் என்றால் சாமானியம் இல்லை. இருபத்துநான்கு அடி அகலம், எட்டு அடி உயரம் உள்ள ஒரு வாசலை ஒற்றை ஆளாகக் காவல் காக்க வேண்டும். நம்மில் பல பேருடைய வீட்டுக் கூடம்கூட அவ்வளவு அகலம் இராது. இதில் இன்னொரு சங்கடமும் உண்டு. தொண்ணூறு நிமிஷத்தில் பத்துப் பந்தைத் தடுத்தாலும் யாரும் வாய் திறக்க மாட்டார்கள். பதினோராவது பந்து உள்ளே போய்விட்டதோ, மைதானம் முழுவதும் அவளையே பார்க்கும். இது நமக்குப் பழகிய சமாசாரம்தான். சாம்பாரில் உப்பு சரியாக இருக்கிற நாளில் யாராவது அதைப்பற்றிப் பேசுகிறார்களா?

அதிதி மேல் படிப்புக்காக இங்கிலாந்து போனார். லஃப்பரோ சர்வகலாசாலையில் விளையாட்டு நிர்வாகம் என்ற பாடம். படித்துக்கொண்டே சர்வகலாசாலை அணிக்கும் ஆடினார். 2015 ஆகஸ்டில் லண்டன் வெஸ்ட் ஹாம் யுனைடெட் கிளப்பின் பெண்கள் அணியில் இடம் கிடைத்தது. இங்கிலாந்தின் லீக் பந்தயங்களில் ஆடிய முதல் இந்தியப் பெண் என்று பத்திரிகைகள் எல்லாம் படம் போட்டன.

அந்த மாதம் 16-ந் தேதி முதல் பந்தயம். எதிர் அணி கவன்ட்ரி. முடிவு என்ன தெரியுமா? கவன்ட்ரி ஐந்து, வெஸ்ட் ஹாம் பூஜ்யம். ஊரெல்லாம் பாராட்டிய அந்த முதல் இந்தியப் பெண், முதல் நாளே ஐந்து கோல் வாங்கினார்!

இந்த இடத்தில் கீழ் வீட்டு அக்கா இடைமறித்தார். "ஐயோ பாவம்! அஞ்சா? அப்புறம் அடுத்த நாள் எப்படிம்மா வெளியே தலை காட்டினா அந்தப் பொண்ணு?"

"தலை காட்டினாள் அக்கா. 2018 வரைக்கும் அதே கிளப்பில் இருந்தாள்" என்றேன்.

அது சொகுசான வாழ்வு என்று எண்ணிவிட வேண்டாம். வெஸ்ட் ஹாம் பெண்கள் அணி அப்போது ஆடியது மூன்றாம் படியிலிருந்த லீக்கில். அங்கே ஆடுகிற பெண்களுக்கு ஆட்டமே முழுநேர உத்தியோகம் அல்ல. பகலில் படிப்போ வேலையோ பார்த்துவிட்டு, மாலையில் மைதானத்துக்கு வருபவர்கள்தாம். லஃப்பரோவிலிருந்து லண்டன் நூற்றெழுபது கிலோமீட்டருக்கு மேல். புத்தக மூட்டையோடும் கையுறையோடும் குளிரில் போய் வர வேண்டிய தூரம் அது.

இங்கிலாந்து போன்ற தேசத்திலேயே பெண்கள் ஆட்டத்துக்கு இந்தக் கதிதானா என்று ஆச்சரியப்படுகிறீர்களா? அதற்கு ஒரு பழைய காரணம் உண்டு. 1920-இல், கிறிஸ்துமஸுக்கு மறுநாள், லிவர்பூல் நகரில் பெண்கள் ஆடிய ஒரு பந்தயத்தைப் பார்க்க ஐம்பத்து மூவாயிரம் பேர் கூடினார்கள். ஆடியவர்களில் பலர் ஆலையில் வேலை செய்த பெண்கள். அவ்வளவு கூட்டம் கூடியதே வினையாயிற்று. மறு ஆண்டு டிசம்பரில் கால்பந்துச் சங்கம், 'இந்த ஆட்டம் பெண்களுக்கு ஏற்றதல்ல' என்று தீர்மானித்துத் தன் கிளப்புகளின் மைதானங்களைப் பெண்களுக்கு மூடிவிட்டது. அந்தத் தடை முழுக்க நீங்க 1971 வரை ஆயிற்று. ஐம்பது வருஷம்! பாட்டி விட்ட பந்தைப் பேத்தி வந்துதான் எடுக்க வேண்டியிருந்தது.

அதே 1971-இல்தான் இன்னொரு அதிசயமும் நடந்தது. டென்மார்க் தெரியுமல்லவா? நம் தரங்கம்பாடியில் 1620-இல் கோட்டை கட்டியவர்கள் அந்த நாட்டுக்காரர்களே. அந்தச் சின்ன தேசத்திலிருந்து ஒரு பெண்கள் அணி மெக்ஸிகோவுக்குப் போயிற்று. அங்கே நடந்தது சர்வதேசச் சங்கத்தின் அங்கீகாரம் இல்லாத உலகக் கோப்பை. ஆனாலும் இறுதிப் பந்தயத்தைப் பார்க்க வந்த ஜனங்கள் ஒரு லட்சத்துக்கு மேல். டென்மார்க் மெக்ஸிகோவை 3–0 என்று ஜெயித்தது. மூன்று கோலையும் போட்டவள் ஸுஸானே அவ்குஸ்டெஸன் என்ற பெண். வயது பதினைந்து! கீழ் வீட்டுப் பெண்ணைவிட ஒரு வயதுதான் மூத்தவள்.

பதினைந்து வயதில் உலகத்தையே ஜெயித்துவிட்டாலும், சொந்த ஊரில் பெண்களுக்குக் காசு கொடுத்துப் பந்தாட அழைப்பவர் யாரும் அப்போது இல்லை. இத்தாலியில் இருந்தார்கள். ஸுஸானே இத்தாலிக்குப் போனாள்; பல ஆண்டுகள் அங்கே ஆடி, கோல்களைக் குவித்துப் பெயர் வாங்கினாள். ஆணோ பெண்ணோ, திறமைக்கு உள்ளூரில் விலை இல்லாதபோது வெளியூர் போவது பரம்பரையாக நடந்து வருவதுதானே?

ஸுஸானேக்கு 1971-க்குப் பிறகு கிடைத்தது நம் பெண்களுக்குக் கிடைக்க 2020 ஆயிற்று. மணிப்பூரைச் சேர்ந்த பாலா தேவி, சின்ன வயதில் பையன்களோடு சேர்ந்து ஆடிப் பழகியவர். மணிப்பூர் போலீஸில் உத்தியோகம். இந்திய அணிக்கு அதிக கோல் போட்ட பெண் என்ற பெயர் வாங்கியவர். 2019 நவம்பரில் ஸ்காட்லாந்துக்குப் போய்த் தேர்வில் ஆடிக் காட்டினார். 2020 ஜனவரியில் கிளாஸ்கோ நகரின் ரேஞ்சர்ஸ் கிளப் அவரைப் பதினெட்டு மாத ஒப்பந்தத்தில் எடுத்துக்கொண்டது. ஐரோப்பாவில் தொழில்முறை ஒப்பந்தம் பெற்ற முதல் இந்தியப் பெண் அவர்தான். அப்போது அவருக்கு வயது முப்பது ஆகப் போகிறது. நம் ஊரில் முப்பது வயதுப் பெண்ணிடம் எதைக் கேட்பார்கள் என்று உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை.

போன இரண்டாம் மாதமே கொரோனா வந்தது. பந்தயங்கள் நின்றன. நாமெல்லாம் வாசல் கதவைச் சாத்திக்கொண்டு வீட்டு மனிதர்களோடு அடைந்து கிடந்த அதே மாதங்களில், அவர் அந்நிய ஊரில் அறைக்குள் இருந்தார். லீக் மறுபடி தொடங்கியபின், டிசம்பரில் மதர்வெல் அணியோடு ஒரு பந்தயம். ரேஞ்சர்ஸ் 9–0 என்று ஜெயித்தது. மாற்று ஆட்டக்காரியாக இறங்கிய பாலா தேவி அதில் ஒரு கோல் போட்டார். ஒன்பதில் ஒன்று என்று அலட்சியமாகச் சொல்லிவிடலாம். அந்த ஒன்றுக்காக எட்டு மாதத்துக்கு மேல் காத்திருந்தவருக்குத்தானே அதன் விலை தெரியும்? பிறகு முழங்காலில் காயம், தாயகம் திரும்பினார். அத்தோடு சரி என்று எல்லோரும் நினைத்திருக்க, 2024-இல், முப்பத்து நான்கு வயதில், மறுபடி இந்திய அணியில் ஆடினார்.

அதன் பின் பாதை கொஞ்சம் அகலமாயிற்று. பஞ்சாபிலிருந்து மனிஷா கல்யாண் 2022-இல் சைப்ரஸ் தீவின் அப்போலன் அணிக்குப் போனார். ஐரோப்பிய சாம்பியன்ஸ் லீக்கில் ஆடிய முதல் இந்தியப் பெண் அவர். பிறகு கிரீஸ் தேசத்துக் கிளப்புக்கும் ஆடினார்.

சரி, சோறு போடுமா? இதற்குப் பூசி மெழுகாமல் பதில் சொல்ல வேண்டும்.

பந்து மட்டும் என்றால், போடலாம், போடாமலும் இருக்கலாம். ஆட்டக்காரியின் ஆயுள் கொஞ்சம். ஒரு முழங்கால் திரும்பினால் ஒரு வருஷம் போச்சு. ஆனால் நான் சொன்ன பெண்களைக் கவனியுங்கள். அதிதி ஒரு கால் பந்திலும் ஒரு கால் படிப்பிலும் வைத்திருந்தார். பாலா தேவிக்குப் போலீஸ் உத்தியோகம் இருந்தது. நம் கடலூர்ப் பெண் இந்துமதி கதிரேசன் இந்திய அணியின் நடுக்களத்தில் ஆடியவர். தமிழ்நாடு போலீஸில் சப்-இன்ஸ்பெக்டர். ஆட்டமே அவர்களுக்கு உத்தியோக வாசலைத் திறந்துவிட்டது. தமிழக அரசு வேலைகளில் விளையாட்டுக்காரர்களுக்கென்று மூன்று சதவீத இடம் ஒதுக்கியிருக்கிறார்கள். இந்துமதி காலத்துத் தமிழ்நாட்டுப் பெண்கள் அணி 2018-இல் மணிப்பூரையே இறுதிப் பந்தயத்தில் தோற்கடித்துத் தேசிய சாம்பியன் ஆயிற்று. மதுரை சேது அணி 2019-இல் இந்தியப் பெண்கள் லீக்கை ஜெயித்தது. ஆகவே இது வடக்கத்தியார் விவகாரம் என்றும் சொல்வதற்கில்லை.

எல்லாவற்றையும் கேட்டுவிட்டுக் கீழ் வீட்டு அக்கா சற்று நேரம் பேசாமல் இருந்தார். பிறகு அவர் கேட்டது சோற்றைப்பற்றி அல்ல. "அந்த விடுதியில படிப்பும் உண்டாம்மா?" உண்டு என்றேன். "அதை முன்னாடியே யாரும் சொல்லலியே" என்று பாரத்தை மடித்து எடுத்துக்கொண்டு போனார்.

'சோறு போடுமா?' என்று கேட்பது குற்றமில்லை. தாய் கேட்காமல் வேறு யார் கேட்பது? ஆனால் அதே தெருவில் பையன்களை ஞாயிற்றுக்கிழமை விடிவதற்குள் எழுப்பி, பால் கொடுத்து, மாதாமாதம் பணமும் கட்டிக் கிரிக்கெட் பயிற்சிக்கு அனுப்புகிறோமே, அப்போது இந்தக் கேள்வியைக் கேட்டோமா? 'உடம்புக்கு நல்லது, ஆடட்டும்' என்கிறோம். அந்தப் பெருந்தன்மையில் பாதியைப் பெண்ணுக்கும் கொடுத்தால் என்ன?

அதிதி இங்கிலாந்திலிருந்து திரும்பிய பிறகு கோகுலம் கேரளா அணியில் சேர்ந்து, 2020-இலும் 2022-இலும் இந்தியப் பெண்கள் லீக்கை ஜெயித்தார். நடுவில் 2021-இல் ஐஸ்லாந்துக்கும் போய் ஆடிவிட்டு வந்தார். 2022 ஜனவரியில் நவி மும்பையில் ஆசியக் கோப்பை, ஈரானோடு பந்தயம். அன்று அவர் காத்த வாசலுக்குள் ஒரு பந்தும் நுழையவில்லை, 0–0. ஆனால் அணிக்குள் கொரோனா பரவி, அடுத்த பந்தயத்துக்கு ஆள் சேராமல் இந்தியா விலக நேர்ந்தது. ஆட்டத்தில் இப்படியும் உண்டு.

2025 ஜூலையில், பதினேழு ஆண்டு ஆடியபின் ஓய்வு பெற்றார். அதற்கு முன்பே பெண் குழந்தைகளுக்கென்று 'ஷீ கிக்ஸ்' என்ற பயிற்சிப் பள்ளியையும் ஆரம்பித்திருந்தார். முதல் நாளே ஐந்து கோல் வாங்கிய ஒருவரிடம் குழந்தைகள் பந்து தடுக்கக் கற்றுக்கொள்கிறார்கள். அதைவிட நல்ல உபாத்தியாயினி கிடைப்பாளா என்று எனக்குத் தெரியவில்லை.