மீதிப் பணம் எங்கே இருந்தது?

கோபிச்செட்டிபாளையம் பக்கத்தில் 60 சென்ட் நிலம், கிணற்றில் நாலில் ஒரு பங்கு. பங்காளி முறையில் அண்ணனாகும் ஒருவரிடமிருந்து இதை 15 லட்சம் ரூபாய்க்கு வாங்க, 2019 தொடக்கத்தில் ஒரு மஞ்சள் விவசாயி கிரய ஒப்பந்தம் போட்டார். முன்பணம் 3 லட்சம். மீதி 12 லட்சத்தை 11 மாதத்துக்குள் கொடுத்துக் கிரயம் செய்துகொள்ள வேண்டும் என்பது எழுத்து. அவருடைய தோட்டத்துப் போர் வற்றிப் போயிருந்தது. அந்தக் கிணற்றுப் பங்கு கிடைத்தால்தான் ஒன்றரை ஏக்கர் மஞ்சளைக் காப்பாற்ற முடியும் என்ற நிலை.

ஒப்பந்தத்தை 20 ரூபாய் பத்திரத்தில் எழுதிக் கையெழுத்துப் போட்டதோடு சரி. பதியவில்லை. அண்ணன் தம்பிக்குள் என்ன பதிவு என்று இரு தரப்புமே நினைத்தார்கள். தமிழ்நாட்டில் 2012 டிசம்பர் 1 முதல் கிரய ஒப்பந்தத்தைக் கட்டாயம் பதிவு செய்ய வேண்டும். பதியாத ஒப்பந்தம் வில்லங்கச் சான்றில் வராது. விஷயம் தெரியாத மூன்றாவது ஆள் நல்லெண்ணத்தோடு பணம் கொடுத்து அதே நிலத்தை வாங்கிவிட்டால், அவரிடமிருந்து மீட்பது பெரும்பாடு.

ஐந்தாவது மாதம் பக்கத்தில் மனை போட ஆரம்பித்தார்கள். விலை ஏறியது. கிரயப் பேச்சை எடுத்தால், "பாத்துக்கலாம் தம்பி, நெலம் எங்க ஓடிப்போகுது" என்றார் அண்ணன். ஒன்பதாவது மாதம், "முன்பணத்த வட்டியோட வாங்கிக்க" என்று முடித்துவிட்டார். ஊர்ப் பெரியவர்கள் கோயில் திண்ணையில் மூன்று முறை உட்கார்ந்து பேசினார்கள். ஒன்றும் நடக்கவில்லை, பேசியதற்கு எழுத்தும் இல்லை.

"ஏனுங்க, கெடு முடியறதுக்குள்ள வக்கீல பாத்துருங்க" என்று மனைவி சொன்னதுதான் திருப்பம். பணம் தயாராக இருக்கிறது, இன்ன தேதியில் சார்பதிவாளர் அலுவலகத்துக்கு வாருங்கள் என்று ஒப்புகை அட்டையோடு பதிவுத் தபாலில் நோட்டீஸ் போனது. அந்த நாளில் இரண்டு சாட்சிகளோடு மாலைவரை காத்திருந்தார். அண்ணன் வரவில்லை.

ஒப்பந்தப்படி கிரயம் செய்து தரச் சொல்லும் இந்த வழக்குக்கு, ஒப்பந்தத்தில் குறித்த தேதியிலிருந்து 3 ஆண்டு கெடு. கோர்ட் கட்டணம் மீதிப் பணத்துக்கு அல்ல, முழுக் கிரயத் தொகைக்கு: நூற்றுக்கு 3 வீதம் 45,000 ரூபாய். கிரயம் கிடைக்காவிட்டால் முன்பணமாவது வேண்டும் என்றும் வக்கீல் சேர்த்துக் கேட்டார். கேட்காவிட்டால் கோர்ட்டாகக் கொடுக்காது. நிலத்தை வேறு யாருக்கும் விற்கக்கூடாது என்று இடைக்காலத் தடையும் வாங்கினார். கொரோனாவில் வாய்தா மேல் வாய்தா.

குறுக்கு விசாரணையில் எதிர்த்தரப்பு வக்கீல் உறவையோ விலையையோ பற்றி அதிகம் கேட்கவில்லை. "12 லட்சம் உம்மிடம் இருந்ததா? எங்கே இருந்தது?" என்று அதையே சுற்றிச் சுற்றிக் கேட்டார். வாங்குபவர் தொடக்கம் முதலே பணத்தோடும் மனதோடும் தயாராக இருந்ததை நிரூபிக்க வேண்டும் என்பது 1963-ஆம் ஆண்டின் சட்டம். 2018 அக்டோபர் 1 முதல் வந்த திருத்தத்தில், கிரயம் செய்யச் சொல்வதா வேண்டாமா என்று நீதிபதி தன் விருப்பப்படி முடிவெடுக்கும் இடம் வெகுவாகக் குறைந்துவிட்டது. ஆனால் இந்த நிரூபணம் மட்டும் அப்படியே இருக்கிறது.

மனைவி பிஸ்கட் டப்பாவிலிருந்து எடுத்துக் கொடுத்த காகிதங்கள்தான் கோர்ட்டில் பேசின. மஞ்சள் விற்ற ரசீதுகள், ஏழரை லட்சம் இருப்புக் காட்டிய பாஸ்புக், இரண்டரை லட்சத்துக்கு நகைக்கடன் சீட்டு, அவருடைய தம்பி வங்கி வழியாக அனுப்பிய 2 லட்சம். எல்லாமே அந்த 11 மாதத்துக்குள் தேதியிட்டவை. கையில் ரொக்கமாக வைத்திருந்தேன் என்று வாயால் சொல்லியிருந்தால் கதை வேறாகியிருக்கும்.

கோர்ட் உத்தரவிடாதவரை பணத்தைக் கட்டி வைக்கத் தேவையில்லை, திரட்டும் வசதி இருப்பதைக் காட்டினால் போதும் என்று வக்கீல் சொல்லியிருந்தார். அதனால் நகையை மட்டும் திருப்பினார்கள். வங்கிப் பணத்தைத் தொடப் பயம். மகனின் கல்லூரிக் கட்டணத்துக்கு வெளியில் வட்டிக்கு வாங்கினார்கள். தேவையில்லாத பயம்தான், ஆனால் அந்த வீட்டில் யார் தூக்கம் இழந்தார்கள் என்பது வக்கீலுக்குத் தெரியாது.

பதியாத ஒப்பந்தம் செல்லாது என்றும் எதிர்த்தரப்பு வாதிட்டது. இந்த வகை வழக்கில் அதைச் சாட்சியமாக ஏற்கலாம் என்று, தமிழ்நாட்டிலிருந்து போன வழக்கு ஒன்றில் உச்ச நீதிமன்றம் 2023-இல் சொல்லியிருந்தது கைகொடுத்தது.

இரண்டு மாதத்துக்குள் 12 லட்சத்தைக் கோர்ட்டில் கட்ட வேண்டும் என்று தீர்ப்பு. நகை மறுபடி அடகுக்குப் போனது. மூன்றாவது வாரமே கட்டிவிட்டார்கள். அண்ணன் கையெழுத்துப் போட வராததால், நிறைவேற்று மனு போட்டு, கோர்ட்டே அவர் சார்பில் கிரயப் பத்திரம் எழுதிக் கொடுத்தது.

இப்போது செவ்வாயும் வெள்ளியும் கிணற்று மோட்டார் இவர்கள் முறை. அடுத்த முறைக்காரரான அண்ணன் வீட்டில் சாவியை நேரில் கொடுப்பதில்லை. மோட்டார் அறைச் சுவரில் ஆணி அடித்திருக்கிறார்கள். அதில் மாட்டிவிட்டு வருகிறார்கள்.